பதினெட்டுக்கு ஒன்று

அடியில் நாற்பது மீட்டர்.
உச்சியில் பதினெட்டு மீட்டர், நாற்பது செண்டி.
நடுவில் ஐம்பத்து நான்கு தளம்,
தளத்துக்கு மூன்று மீட்டர் அறுபது.
ஒவ்வொரு தளமும்
தன் கீழ்த்தளத்தைவிட
பக்கத்துக்கு இருபது செண்டி
உள்ளே வாங்கிக்கொள்ளும்.

வரைபடத்தில் பதினெட்டுக்கு ஒன்று என்று சாய்வு.
தேசப்பனுக்கு அது சாண்.
"மாடிக்கு ஒரு சாணு உள்ள போவுது மேடம்."
எட்டு மாடிக்கு ஒருமுறை
எண்சாண் உடம்பொன்று
நாலு பக்கமும் காணாமல் போகிறது.

ஏன் இப்படி என்று கேட்டார்கள்.
காற்றுக்கு ஒரே அகலம் பழகிவிட்டால்
தாளம் போட ஆரம்பித்துவிடும்,
தாளம் ஏறினால் கட்டடமும் ஆடும்,
தளத்துக்குத் தளம் அளவை மாற்றினால்
அடிக்கிற கை குழம்பும் என்றேன்.
"அப்ப காத்துக்கு அட்சரம் தப்பணும்,
அதுக்கா இத்தினி கோடி?"
தேசப்பன் ஞாயிற்றுக்கிழமைகளில்
சட்டி மேளம் வாசிக்கிறவர்.

இருபத்தாறு வருடம் தூக்குக்குண்டு பிடித்த கை.
நூலும் சுவரும் ஒட்டாவிட்டால்
அவருக்குச் சோறு இறங்காது.
இங்கே ஒட்டினால் தப்பு.

முப்பத்தொன்றாம் தளம், இரவு இரண்டு மணி.
வடகிழக்கு மூலைத் தூணின் பலகையை
முக்காலியிலிருந்து பார்க்கிறேன்:
பதினேழு மில்லிமீட்டர் வெளியே.
மறுபடி பார்க்கிறேன். பதினேழு.
எண்ணூர் நெடுஞ்சாலையில்
கண்டெய்னர் வரிசைக்குள் மாட்டிக்கொண்டு
மூன்று மிக்சர் லாரிகள் வயிற்றைச் சுற்றியபடி நிற்கின்றன.
கலவைக்கு ஆயுள் இன்னும் எழுபது நிமிடம்.
"பிரிங்க" என்றேன்.
தேசப்பன் பலகையைத் தடவிப் பார்த்தார்.
"நான் நிமித்தல மேடம்,
கை தானா நிமித்திடிச்சு."
ஜாக்கிகளைத் தளர்த்தும்போது
யாரும் பேசவில்லை.
துறைமுகத்தில் ஒரு கப்பல் மட்டும்
எதற்கோ நீளமாகக் கத்தியது.

கடல் பக்கம்
நெத்திலி காயவைக்கிற அஞ்சலாட்சி
பணி அலுவலகத்துக்கே வந்துவிட்டாள்,
சாயங்கால நிழல் மீன்மேல் விழுகிறதென்று.
அவளுக்குக் கணக்குப் போட்டுக் காட்டினேன்:
முழு உயரம் வந்த பிறகு
நிழலின் நுனிதான் உன் பாய்மேல் வரும்,
நுனி ஒல்லி,
பன்னிரண்டு நிமிடத்தில் கடந்துவிடும்.
நேராகக் கட்டியிருந்தால் இருபத்தேழு.
பதினைந்து நிமிட வெயில்
சாய்வு உனக்குத் தந்தது.

காகிதத்தைத் திருப்பித் திருப்பிப் பார்த்தாள்.
"அது சரி.
அந்தப் பன்னெண்டு யாரு குடுப்பா?"

அதற்கு என்னிடம் படிவம் இல்லை.

கொருக்குப்பேட்டை கேட் மூடியிருந்தது.
சரக்கு ரயில் முடியும்வரை
பெட்டிகளை எண்ணாமல் இருக்க முயன்று
ஐம்பத்தெட்டு எண்ணினேன்.

எங்கள் சந்து தரையில் ஒன்பது அடி.
முதல் மாடியில் எல்லோரும்
ஒண்ணேகால் அடி வெளியே நீட்டினோம்.
இரண்டாவதில் இன்னொரு ஒண்ணேகால்.
மூன்றாவதில் இன்னொன்று.
யாரும் வரைபடம் போடவில்லை.
கீழே முக்கால் சென்ட் வாங்கியவர்களுக்கு
ஆகாயத்தில் கொஞ்சம் பாக்கி இருந்தது.
ஏறத்தாழ மூன்றுக்கு ஒன்று,
தலைகீழாக.
எந்தப் பொறியாளரும் கையெழுத்திடாத சாய்வு.
நானும் பொறியாளர்தான்.
மூன்றாம் மாடிக்கு மாதத் தவணை
நான்தான் கட்டுகிறேன்.

மொட்டை மாடி ஓரத்தில் நின்றால்
எதிர்வீட்டுச் சுவருக்கும் எனக்கும்
ஒன்றரை அடி.
தெற்கே
சிவப்பு விளக்கு வைத்துக்கொண்டு
அது இன்னும் ஒரு சாண் இளைத்திருக்கிறது.

"ஹெலன், கேஸ் லைட்டர் வேலை செய்யல"
என்று எதிர் ஜன்னலிலிருந்து மும்தாஜ் கை நீட்டுகிறாள்.
தீப்பெட்டியைக் கொடுக்க
முழங்கையைக்கூட நிமிர்த்த வேண்டியதில்லை.